இருபத்தேழு தடவை வந்த விருந்தாளி

எங்கள் அப்பா தோக்தோசுன் வாழ்நாளில் செய்த தவறு ஒன்றே ஒன்றுதான். மழையில் நனைந்து வந்தவனை உள்ளே கூப்பிட்டார். இதைத் தவறு என்று நான் சொல்வது அவர் காதில் விழுந்திருந்தால் என் காதைக் கடித்துத் துப்பியிருப்பார்.

நாங்கள் சூர்கள், வெளியூர்க்காரர்கள் மர்மோட் என்பார்கள். நாரின் என்கிற ஆற்றுக்கு மேலே, இடையர்கள் கோடையில் வந்து கூடாரம் போடும் புல்மேட்டில் வளை தோண்டி வாழ்கிறோம். பார்த்தால் அணிலுக்கு அக்கா மாதிரி இருப்போம். எடை போட்டால் ஆட்டுக்குட்டியே தோற்றுப்போகும். என்னை வைத்து எல்லோரையும் கணக்குப் போடாதீர்கள், நான் கொஞ்சம் அதிகம். கோடை முழுக்கத் தின்போம், குளிர் முழுக்கத் தூங்குவோம். இதைச் சோம்பேறித்தனம் என்று சொல்கிறவர்கள் ஒரே ஒரு முறை எங்கள் மலைக் குளிரில் விழித்திருந்து பார்க்கட்டும்.

எங்கள் வீட்டுக்கு முன்வாசல் ஒன்று, பின்வாசல் ஒன்று. இரண்டுக்கும் நடுவே நீளமான நடை. நடையிலிருந்து பிரிந்து ஆக உள்ளே போனால் ஒரு வட்டமான அறை. அதுதான் தோர். இடையர்கள் கூடாரத்திலும் வாசலுக்கு நேர் எதிரே இருக்கும் மரியாதையான இடத்துக்கு அதே பெயர்தான். வந்தவர் யாராக இருந்தாலும் தோரில் உட்கார வேண்டும், வீட்டுக்காரன் வாசலோரம் ஒதுங்க வேண்டும். மூன்று நாள் வரைக்கும் எதற்கு வந்தாய், எப்போது போவாய் என்று கேட்கக் கூடாது. தூங்கும் விருந்தாளியை எழுப்பக் கூடாது. விருந்தாளி முகத்தில் கதவைச் சாத்தினால் அந்த வீட்டுப் பேர் அன்றோடு போயிற்று. மூன்றாம் நாள் கழிந்தால் "பயணம் எந்தப் பக்கம்?" என்று பணிவாகக் கேட்கலாம். அவ்வளவுதான் எங்கள் சட்டப் புத்தகம்.

விருந்தாளிகள் கோடையில்தான் வருவார்கள். செந்தாரா வாத்து ஜோடி முட்டை வைக்க வரும், வழி தப்பிய முயல் வரும், போய்விடும். முதல் பனிக்கு முன்னால் தோர் எங்களுக்குத் திரும்பிவிடும். காய்ந்த புல்லை வாயால் இழுத்துவந்து பரப்பி, வாசலை மண்ணும் கல்லும் வைத்து உள்ளிருந்து அடைத்து, இருபத்துமூன்று பேரும் ஒருவர்மேல் ஒருவர் குவிந்து படுத்துவிடுவோம். குட்டிகள் நடுவில், கிழடுகள் ஓரத்தில். அந்தக் குவியலுக்கு வெளியே குளிர்காலத்தைத் தாண்டியவர்கள் எங்கள் குடும்பத்தில் கிடையாது.

அவன் வந்தது கோடையின் தொடக்கத்தில், நல்ல மழையில். வளைக்கரடி; பேரில்தான் கரடி, ஆள் நாய் அளவுதான், எங்களை மாதிரி வளையில் வாழ்கிற ஜாதி. வடக்கே காட்டிலிருந்து வந்தவன். முகத்தில் வெள்ளைக் கோடு, முன்காலில் ஒரு காயம், நகம் ஒவ்வொன்றும் என் வால் நீளம்.

"கடவுள் அனுப்பின விருந்தாளி" என்றான். இந்த வாசகத்தை யார் சொல்லிக்கொடுத்தார்களோ தெரியாது, சரியாகச் சொன்னான்.

"உள்ள வாங்க, உள்ள வாங்க! கலிச்சா, சோனுன், வழி விடுங்கம்மா" என்று அப்பா எங்களைத் தள்ளாத குறையாகத் தள்ளினார். கலிச்சா என் அக்கா. சோனுன் நான்.

அவன் பெயர் புரோகோர். வெறும் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் அவனுக்குப் பிடிக்காது, 'ஐயா' வேண்டும். மூன்று நாள் தோரில் படுத்தான். மூன்றாம் நாள் சாயங்காலம் எழுந்து, மிக அழகாக நன்றி சொல்லி, பின்வாசல் வழியாகப் போனான். நான் உள்ளே போய்ப் புல்லை உதறிக்கொண்டிருக்கும்போதே முன்வாசலில் குரல் கேட்டது.

"கடவுள் அனுப்பின விருந்தாளி."

அதே கோடு, அதே நகம், அதே காயம். மழையில் வந்தவன் மாதிரி காதோரம் கொஞ்சம் தண்ணீர் மட்டும் தெளித்திருந்தான்.

"அப்பா, அதே ஆளுப்பா!" என்று கலிச்சா அப்பாவின் தோளைப் பிராண்டினாள்.

"சும்மா இரு. போன விருந்தாளி போயாச்சு. இவர் இப்பத்தான் வர்றார்."

"காலு அதே காலு!"

"விருந்தாளி காலையா பாக்கறது? வாங்கய்யா, உள்ள வாங்க."

இப்படி இருபத்தேழு தடவை. மூன்றாம் நாள் சாயங்காலம் பின்வாசலில் போவான், முன்வாசலில் வருவான். எங்களால் ஒரு கேள்வி கேட்க முடியவில்லை, ஏனென்றால் அவன் வந்து எப்போதும் மூன்று நாள்தான் ஆகியிருந்தது. எங்கள் சட்டத்தை எங்களைவிட நன்றாகப் படித்தவன் அவன். இதில் எனக்கு இன்றைக்கும் ஆத்திரம் அடங்கவில்லை.

வந்தவன் சும்மாவும் இருக்கவில்லை. நடை வளைந்து வளைந்து போகிறது, இது என்ன நாகரிகம் என்று நேராக்கினான். குட்டிகளை வரிசையாக நிற்கவைத்து, பின்காலில் எழுந்து நிற்பது காட்டுத்தனம், நாலு காலில் தலைகுனிந்து நடப்பதுதான் ஒழுங்கு என்று பழக்கினான். வெளியே ஓரமாகக் குழி தோண்டி, இனிமேல் எல்லோரும் இங்கேதான் ஒதுங்க வேண்டும் என்றான். உண்மையைச் சொன்னால் குழி நல்ல குழிதான். ஆனால் அந்த ஒரு குழியைப் பற்றி அவன் பேசிய பேச்சு இருக்கிறதே, அப்பப்பா! "நான் வர்றதுக்கு முன்னாடி நீங்க எப்படித்தான் இருந்தீங்களோ" என்பான். நன்றாகத்தான் இருந்தோம் என்று சொல்ல நாக்கு துடிக்கும். அப்பா முறைப்பார்.

வளைக்கரடிகள் பகலில் தூங்குகிறவர்கள். நாங்கள் பகலில் மேய்கிறவர்கள். மேட்டின்மேல் ஒருவர் காவல் நின்று, கழுகின் நிழல் தெரிந்தால் சீழ்க்கை அடிப்பார், எல்லோரும் வளைக்குள் பாய்வோம். ஒருநாள் புரோகோர் தலையைப் பிடித்துக்கொண்டு வந்தான்.

"பெரியவரே, இந்த விசில் சத்தத்துல கண்ணை மூட முடியல. தூங்குற விருந்தாளியை எழுப்பலாமா? உங்க வழக்கத்துல உண்டா?"

அப்பா எங்களைக் கூப்பிட்டு, விருந்தாளி இருக்கும்வரை பகலில் சீழ்க்கை வேண்டாம், அவரவர் கண்ணை அவரவர் திறந்து வைத்துக்கொள்ளுங்கள் என்றார்.

அதிலிருந்து ஏழாம் நாள் கழுகு என் கணவரைத் தூக்கிக்கொண்டு போயிற்று. கெல்திபெக் என்று பெயர். காட்டு வெங்காயத்தைக் கண்டால் உலகத்தை மறந்துவிடுவார். காவலில் கலிச்சாதான் நின்றிருந்தாள். நிழலைப் பார்த்தாள், வாயையும் திறந்தாள், அப்பாவின் சொல் நினைவுக்கு வந்து ஒரு மூச்சு தாமதித்தாள். அந்த ஒரு மூச்சுதான். அன்று அப்பா எதுவும் தின்னவில்லை. என்னிடம் வந்து உட்கார்ந்து என் முதுகில் பேன் பார்த்தார், வெகுநேரம் பார்த்தார். நான் அவரைத் திட்டவில்லை. திட்டியிருக்கலாம் என்று பிறகு பல தடவை தோன்றியது.

அந்த வாரத்தில்தான் கலிச்சாவுக்கு ஜுபார் பிறந்தாள். மற்றவர்கள் குட்டி போட்டு, அவை ஓடியாடத் தொடங்கிய பிறகு, காலம் தப்பி வந்த குட்டி. தோரில் புரோகோர் குறட்டை விட்டுக்கொண்டிருந்ததால் நடையில், காற்றில் பிறந்தாள். சிறுபிள்ளைக் கையளவு இருந்தாள். கோடை முடிய இன்னும் கொஞ்ச நாள்தான் இருந்தது, அதற்குள் என்ன தின்றாலும் அவளுக்குக் கொழுப்பு ஏறப்போவதில்லை. குவியலின் நட்ட நடுவில், தோரில், எல்லோருடைய சூட்டிலும் கிடந்தால்தான் வசந்தத்தைப் பார்ப்பாள். நடையில் படுத்தால் பத்து நாள் தாங்கமாட்டாள். கலிச்சா இதை யாரிடமும் சொல்லவில்லை, சொல்லத் தேவையும் இல்லை. தின்னும்போதுகூட ஒரு காலை அந்தக் குட்டிமேல் வைத்துக்கொண்டே தின்பாள்.

புல் மஞ்சளாயிற்று. இடையர்கள் கூடாரத்தைப் பிரித்து ஒட்டகத்தில் ஏற்றிக்கொண்டு கீழே இறங்கினார்கள். நாங்கள் புல்லை இழுத்துவந்து பரப்பினோம், புரோகோர் அதன்மேல் சௌகரியமாகப் புரண்டு படுத்தான். இருபத்தேழாவது தடவை வந்து மூன்று நாள் ஆனது. சாயங்காலம் அவன் எழுந்திருக்கவில்லை. நாலாம் நாளும் போகவில்லை.

நாலாம் நாள் வந்ததில் அப்பாவுக்கு உயிர் வந்தது. இப்போது கேட்கலாமே! மீசையைத் துடைத்துக்கொண்டு தோர் வாசலில் நின்றார்.

"விருந்தாளி ஐயா, பயணம் எந்தப் பக்கம்?"

"பயணமா?" புரோகோர் கொட்டாவி விட்டான். "விருந்தாளிக்குத்தானே பயணம். கோடை பூரா தோர்ல படுத்தது யாரு? நான். வாசல்ல ஒதுங்கினது யாரு? நீங்க. நடையை நேராக்கினது, குழி தோண்டினது எல்லாம் யாரு? யோசிச்சுப் பாருங்க பெரியவரே. இது என் வீடு. நீங்கதான் இங்க தங்கியிருக்கீங்க. பயப்படாதீங்க, விரட்டமாட்டேன். நடையில இடம் இருக்கு."

அவன் கேலி செய்யவில்லை. அதுதான் கொடுமை. உண்மையாகவே அப்படி நம்பிவிட்டிருந்தான்.

நாங்கள் எல்லோரும் வெளியே மேட்டில் கூடினோம். காற்றில் பனி வாடை வந்துவிட்டது. புது வளை தோண்டலாம் என்றார் ஒருவர். இந்தக் கல்லுப் பூமியில் ஒரு தோர் தோண்ட இரண்டு கோடை வேண்டும். சண்டை போடலாம் என்றேன் நான். அவன் நகத்தைப் பார்த்தவர்கள் ஒரு அடி பின்வாங்கினார்கள். அப்பா மண்ணைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

திடீரென்று கலிச்சா சிரித்தாள். துக்கத்தில் புத்தி கலங்கிவிட்டது என்றுதான் நினைத்தேன்.

"அவரே சொல்லிட்டாரே. அவர்தானாம் வீட்டுக்காரர். அப்ப நாம யாரு?"

"யாரு?" என்றேன்.

"விருந்தாளிடீ, மண்டு! முன்வாசல்ல போய் நிப்போம். கடவுள் அனுப்பின விருந்தாளின்னு சொல்லுவோம். தோர் யாருக்கு? நமக்கு. தூங்குற விருந்தாளியை எழுப்பலாமா? கூடாது. நாம தூங்கினா எத்தனை நாள் தூங்குவோம்?"

எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினோம். நான் அவளைக் கட்டிப்பிடித்துக் கடித்தேவிட்டேன்.

அப்பா மட்டும் நிமிரவில்லை.

"அப்படின்னா, அந்த வாசல்ல நின்னு, இது எங்க வீடு இல்ல, உங்க வீடுன்னு ஒவ்வொருத்தரும் சொல்லணும். விருந்தாளின்னா அதானே?"

"ஒரு வார்த்தைதானப்பா."

"என் அப்பன் தோண்டின வளை. அவனுக்கு அப்பன் தொடங்கினது. ஏழு தலைமுறைப் பேரைச் சொன்ன வாயிது கலிச்சா. இதால அதைச் சொல்லமாட்டேன்."

"சொல்லாட்டி தோருக்குள்ள வர முடியாது. நடையில கிடந்தா செத்துப்போவீங்க!"

"தெரியும்."

"அன்னைக்கு அவனை உள்ள கூப்பிட்டது யாரு? நீங்க! அவன் தூக்கம் கெடக் கூடாதுன்னு எங்க வாயை அடைச்சது யாரு? இவ புருஷன் போனது யாரால? இப்ப வந்து வாய் சுத்தம் பேசுறீங்களா?" கலிச்சா கத்தினாள். கத்திக்கொண்டே அழுதாள். "இந்தக் குட்டிக்காக நான் ஆயிரம் தடவை சொல்லுவேன். எனக்கு வெக்கமே இல்ல."

"நீ சொல்லும்மா. நீ சொல்றது சரி. உன்மேல எனக்கு ஒரு கோபமும் இல்ல. உள்ள கூப்பிட்டவன் நான், அதனால நான் வாசல்ல இருக்கேன். வாசல்ல ஒருத்தன் இருக்கணும்."

அதற்கு மேல் அவரை அசைக்க முடியாது. அசைத்துப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

மறுநாள் காலையில் முன்வாசலில் வரிசையாக நின்றோம். ஜுபாரைக் கழுத்தில் கவ்விக்கொண்டு கலிச்சா முதலில் நின்றாள். குட்டியைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னாள்.

"வீட்டுக்காரரே! இது எங்க வீடு இல்ல, உங்க வீடு. நாங்க கடவுள் அனுப்பின விருந்தாளிங்க."

புரோகோர் தூக்கக் கண்ணோடு வெளியே வந்தான். 'வீட்டுக்காரரே' என்ற சொல்லைக் கேட்டதும் அவன் முகத்தில் வந்த சந்தோஷத்தைப் பார்க்க வேண்டும். கோடை முழுக்க எங்கள் வாயிலிருந்து அவன் வாங்கப் பார்த்தது அதைத்தான் போலிருக்கிறது.

"வாங்க வாங்க! இதுவல்லவா மரியாதை. உள்ள வாங்க!"

ஒவ்வொருவராகச் சொன்னோம். என் முறையும் வந்தது. வெறும் சொல்தான், ஒரு தந்திரம்தான் என்று எனக்குத் தெரியும். ஆனாலும் சொல்லி முடித்ததும், நான் பிறந்த வாசலே யாரோ ஒருவருடைய வாசல் மாதிரி தெரிந்தது. கெட்ட கனவில் வருகிற மாதிரி.

நேராகத் தோருக்குப் போனோம். புரோகோர் பின்னாலேயே ஓடிவந்தான்.

"அங்க எங்க? அது என் படுக்கை..."

"விருந்தாளிக்குத் தோர்தானே ஐயா?" என்று கலிச்சா கண்ணை அகல விரித்துக் கேட்டாள். "வழக்கம் மாறிடுச்சா? கோடையில நீங்கதான் அடிக்கடி சொல்லுவீங்களே."

அவன் விரலை மடக்கி ஏதோ கணக்குப் போட்டான்.

"மூணு நாள்தானே?"

"மூணு நாள் கழிச்சு நீங்க கேக்கலாம்."

"சரி, சரி. மூணு நாள்" என்று முனகிக்கொண்டே நடைக்குப் போனான். பாவம், சூர்களைப் பற்றி அவனுக்கு எல்லாம் தெரியும், குளிர்காலத்தைத் தவிர.

"ரொம்ப அலுப்பா இருக்கு ஐயா. தூங்கட்டுமா?"

"தூங்குங்க, யாரு வேண்டாம்னா?"

தோரின் வாயை மண்ணும் கல்லும் வைத்து உள்ளிருந்து அடைக்கத் தொடங்கினோம். அந்தப் பக்கத்திலிருந்தும் யாரோ மண் அப்பும் சத்தம் கேட்டது. அப்பா. வாயில் களிமண் கொண்டுவந்து வெளியிலிருந்து பூசிக்கொண்டிருந்தார். கடைசியாக ஒரு கண் அளவு ஓட்டை மிஞ்சியது.

"குட்டி நடுவுலதானே?"

"நடுவுலதாம்ப்பா."

"காத்து வருதா?"

"கொஞ்சம் வருது. இடது பக்கம்."

அவர் இடது பக்கம் பூசினார். "இப்ப?"

"இப்ப இல்லப்பா."

ஓட்டை மூடியது. கலிச்சா மண்ணில் முகத்தை வைத்துக்கொண்டு அப்படியே நின்றாள். நான்தான் அவளை இழுத்துக் குவியலில் போட்டேன்.

தூக்கத்தைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

மண்ணில் ஈரம் ஊறி, புல்வேர் வாசனை வந்தபோது விழித்தோம். எண்ணிப் பார்த்தேன், இருபத்திரண்டு பேரில் ஒருவர்கூடக் குறையவில்லை. ஜுபார் என் வயிற்றை முட்டிக்கொண்டு பசி என்றாள். தோலும் எலும்புமாக இருந்தாள், ஆனால் இருந்தாள். அடைப்பை உடைத்தோம்.

நடையில் புரோகோர் உட்கார்ந்திருந்தான். பாதியாக இளைத்துப்போயிருந்தான். எங்களைப் பார்த்து எழுந்திருக்கவில்லை.

"அப்பா எங்க?" என்றாள் கலிச்சா.

அவன் தரையைப் பார்த்துக்கொண்டு பேசினான்.

"நாலாம் நாள் உங்களைக் கேக்கலாம்னு வந்தேன். பெரியவர் அடைப்புக்கு முன்னாடி நின்னார். தூங்குறாங்க, எழுப்பக் கூடாதுன்னார். அவ்வளவுதான் சொன்னார். ஒரு தட்டு தட்டினா விழுந்திருப்பார். தட்டத் தோணல." நகத்தால் தரையைக் கீறினான். "அப்புறம் பனி கொட்டுச்சு. ஒரு முயல் வந்துச்சு, காது உறைஞ்சுபோய். அப்புறம் ஒரு கீரி. ரெண்டும் முன்வாசல்ல நின்னு விருந்தாளின்னு சொல்லிச்சுங்க. நான் முன்னாடி போய், வீட்டுக்காரன் நான்தான்னேன். அதுங்க என்னைப் பாக்கவே இல்ல. அவரைத்தான் பாத்துச்சுங்க. அவர் நடுங்கிக்கிட்டே, உள்ள வாங்க, உள்ள வாங்கன்னார். தான் படுத்திருந்த புல்லை எடுத்துக் குடுத்தார். வேண்டாம், என் பக்கத்துல வந்து படுங்கன்னு நானே கூப்பிட்டேன். வாசல்ல ஒருத்தன் இருக்கணும்னார்."

கலிச்சா அவனைத் தாண்டி ஓடினாள். நாங்களும் ஓடினோம்.

அப்பா முன்வாசலில், வீட்டுக்காரன் உட்காரும் இடத்தில், முகத்தை வெளியே வைத்து உட்கார்ந்தபடியே விறைத்திருந்தார். மீசையில் இருந்த பனி அப்போதுதான் உருகிச் சொட்டிக்கொண்டிருந்தது. கலிச்சா அவர் முதுகில் தலையை வைத்துக்கொண்டாள். கெல்திபெக்குக்காக நான் அடக்கி வைத்திருந்த அழுகையும் சேர்ந்து அங்கேதான் வந்தது.

பின்னால் நடையில் சின்னக் காலடிச் சத்தம் கேட்டது. ஜுபாரை நாங்கள் மறந்தேபோயிருந்தோம். அவளுக்கு எது தந்திரம், எது நிஜம் என்று யார் சொன்னார்கள்? இது நம் வீடு இல்லை என்று அவள் அம்மா சொன்னதைத்தான் அவள் கேட்டிருந்தாள். விருந்தாளி கிளம்பும்போது வீட்டுக்காரருக்கு நன்றி சொல்ல வேண்டுமே. புரோகோரின் முன்னால் போய், குச்சி மாதிரி இருந்த பின்கால்களில் தள்ளாடி எழுந்து நின்றாள்.

"வீட்டுக்காரரே, நல்லாத் தூங்கினோம். உங்க வீடு நல்லா இருக்கட்டும்."

புரோகோர் அவளைப் பார்த்தான். பிறகு மெல்ல எழுந்து, சுவரோடு ஒட்டி நின்று வழிவிட்டான்.

"என்கிட்ட இல்ல பாப்பா. அதோ, வாசல்ல உக்காந்திருக்கார் பாரு. அவர்கிட்ட போய்ச் சொல்லு."